பதினேழாம் நோன்பு

ரமலான் 15, வெள்ளி

பகலுக்கும் இரவுக்கும் எல்லை வகுத்தவனின் பெயரால்.

ஐந்தாம் கல்லை மூடப்போவதாகக் கடற்பொழுது வாரியத்திலிருந்து கடிதம் வந்திருக்கிறது. பெருநாளன்று காலை ஆட்கள் வந்து சங்கிலியை அறுப்பார்களாம். காவலர் முகம்மது நூகு லெப்பை, வயது எழுபத்தொன்று, அன்றே ஓய்வு பெறுவாராம். என் பெயரைப் பிழையின்றி எழுதியிருக்கிறார்கள். கடிதத்தில் எனக்கு உடன்பாடானது அது ஒன்றே.

பின்னாளில் இந்தக் குறிப்பேட்டைப் புரட்டுவோர்க்கு ஒன்று சொல்லிவைக்கிறேன். கடலின்மேல் பொழுது சீராக ஓடுவதில்லை. ஓரிடத்தில் தேங்கும், ஓரிடத்தில் அடித்துக்கொண்டு போகும். வலை விரிக்கப் போன தந்தை கரை திரும்புகையில், மகன் அவரைவிட மூத்தவனாக வந்து நின்ற வீடுகள் சேலாத்தீவில் இருந்தன. அதனால்தான் ஏழு இடங்களில் ஏழு கற்களைத் தொங்கவிட்டார்கள். ஒவ்வொன்றும் ஒரு வீட்டளவு பெரியது. நீர்மேல் காவலன் வசிக்கும் இரும்பு மேடையின் சக்கரத்திலிருந்து, கடலடிப் பிளவுக்குள் சங்கிலியில் தொங்குகிறது. சங்கிலியின் நீளத்தைப் பாகத்தால் அளப்போம், விரித்த இரு கையளவு ஒரு பாகம். நாற்பதாம் பாகத்தில் ஒரு சிவப்பு வளையம் உண்டு. அது சக்கரத்தின் பல்லில் பொருந்தியிருக்கும்வரை சுற்றிலும் பன்னிரண்டு மைலுக்குப் பொழுது பிசகாது. கல் உயர்ந்தால் பொழுது மெலியும், தாழ்ந்தால் தடிக்கும். நீரோட்டம் அதை விரலளவு நகர்த்தும், நான் விரலளவு திருப்பிவைப்பேன். விடிந்ததும் அந்தந்தக் கிழமைக்குரிய கொடியை ஏற்றுவேன். இரண்டு மைல் தள்ளியிருக்கும் சேலாத்தீவு அதைப் பார்த்து நாளை அறியும். முப்பத்து நான்கு ஆண்டுகளாக என் வேலை இதுதான்.

இம்மாதம் நாளொன்றுக்கு ஒரு வெண்பா என்று நேர்ந்திருக்கிறேன். பதினைந்தாவது முடிந்தது. வெயில் கடுமை. இரும்பு மேடையில் கால் வைக்க முடியவில்லை. நண்பகல் லுஹர் தொழுகைக்குப் பிறகு தொண்டை மரத்துப் போகிறது.

ரமலான் 16, சனி

பங்கிராஸின் வள்ளம் மேடையை ஒட்டிப் போயிற்று. தீவின் கிழக்குத் தெருக்காரர். அவரும் தம்பியும் கிழக்கே வலை விரித்துவிட்டுத் திரும்பிக்கொண்டிருந்தார்கள்.

“லெப்பை மாமா, மொகம் வாடிப்போய்க் கெடக்கே. நடுக்கடல்ல ஒரு மடக்குத் தண்ணி குடிச்சா யாரு பாக்கப்போறா?”

“பாக்கிறவன் பாப்பான். நீ உன் வேலையப் பாரு.”

“எனக்கு நாளைக்கு வேல இல்ல மாமா. ஞாயித்துக்கெழம. வலைய திங்கக்கெழமதான் எடுப்பேன். உமக்குத்தான் லீவு இல்லாத உத்தியோகம்.”

சிரித்துக்கொண்டே போனார். பதினாறாம் வெண்பாவில் ஈற்றடி இன்னும் திருத்தமாக இல்லை.

ரமலான் 17, ஞாயிறு

காலையில் பங்கிராஸும் தம்பியும் மறுபடியும் கிழக்கே போனார்கள். ஞாயிற்றுக்கிழமையும் கடலா என்று கேட்டேன். நீரோட்டம் திரும்பிவிட்டது, வலை போய்விடும், பூசைக்குள் எடுத்துக்கொண்டு வந்துவிடுவேன், வீட்டில் சொல்லிவிடாதீர்கள் என்றார். அவருடையதைத் தவிர வேறு வள்ளம் கடலில் இல்லை.

பதினொன்றரைக்கு வயர்லெஸ்ஸில் வாரியத்தின் உத்தரவு வந்தது. மூடுவதற்கு முன் ஒரு சோதனையாம். பன்னிரண்டு மணிக்குக் கல்லை ஐந்து பாகம் உயர்த்தி, ஒரு மணிக்குப் பழைய நிலைக்கு இறக்க வேண்டும். உயர்த்தினேன். பிறகு இறக்கினேன்.

பகல் இலேசாகக் கழிந்தது. வெண்பா எழுதவில்லை.

ரமலான் 18, திங்கள்

திங்கள் கொடியை ஏற்றிய சற்று நேரத்தில் தீவிலிருந்து கோயில் மணி கேட்டது. ஞாயிற்றுக்கிழமைப் பூசைக்கு அடிக்கும் நீண்ட மணி. திங்களன்று ஏன் அடிக்கிறார்கள் என்று நின்று கேட்டேன். தண்ணீர்ப் பீப்பாய் கொண்டுவந்த தோணிக்காரன் கொடியைப் பார்த்துவிட்டு நகைத்தான்.

“என்ன லெப்பை, நோம்பு மயக்கமா? நேத்துத்தான சனிக்கொடி ஏத்தினீரு. இன்னைக்குத் திங்கள்ங்கிறீரு. ஞாயித்துக்கெழமைய யாரு தூக்கிட்டுப் போனா?”

பீப்பாயை இறக்கி வாங்கிக்கொண்டேன். அவன் போனபின் நெடுநேரம் சக்கரத்தின்மேல் கைவைத்து நின்றிருந்தேன்.

தீவில் இருப்போர்க்கு நேற்றைய நாள் இல்லை. மெலிந்த பொழுது எவர் உடலிலும் ஒட்டாது, எவர் நினைவிலும் தங்காது. சங்கிலியின் தலைமாட்டில் நிற்பவன் மட்டுமே அதை நினைவில் வைத்திருப்பான். ஒரு மணி நேரம் மெலிந்தால் பகல் தாங்கிக்கொள்ளும். முழுப் பகலும் கிழிந்துபோயிருக்கிறது. வாரியம் செய்த வினை இது. வாரியமே விடை சொல்லட்டும்.

ரமலான் 19, செவ்வாய்

பங்கிராஸின் மனைவி அமலோற்பவம், கொழுந்தனாரின் சிறு தோணியைத் தானே வலித்துக்கொண்டு வந்தாள்.

“லெப்பை மாமா, எங்க வீட்டுக்காரர இந்தப் பக்கம் பாத்தீரா? ராத்திரி படுத்தவரு, காலையில முழிச்சுப் பாக்கேன், ஆளக் காணோம். அவரு தம்பியையும் காணோம். வள்ளமும் இல்ல.”

“ஞாயித்துக்கிழமை காலையில கிழக்கே போனாரும்மா. நான் பேசினேன்.”

“ஞாயித்துக்கெழமையா? நேத்துத்தான மாமா ஞாயிறு? நேத்துப் பூசைக்கு நான் தனியாத்தான போனேன். அதுவும் அவரு ஞாயித்துக்கெழம கடலுக்குப் போற ஆளா? கல்யாணமாகிப் பன்னெண்டு வருசத்துல ஒரு நாள் போனதில்ல.” முந்தானையால் முகத்தைத் துடைத்துக்கொண்டாள். “ஊர்ல என்ன சொல்லுதாவ தெரியுமா? அக்கரையில ஒருத்திய வச்சிருந்தாராம். தம்பியையும் கூட்டிக்கிட்டு ஓடிட்டாராம். ஓடிப்போற ஆளு வடிச்ச கஞ்சிய மூடி வச்சிட்டா போவாரு?”

நிலம் தன்மேல் இருப்போரை அடுத்த நாளுக்கு இழுத்துக்கொள்ளும். கடலுக்கு அந்தப் பிடி இல்லை. அந்த ஞாயிற்றுக்கிழமை கிழிந்தபோது பங்கிராஸின் வள்ளம் அதனுள்ளேயே நின்றுவிட்டது. இதை அவளிடம் சொன்னேன். அது எப்படிக் கிழிந்தது என்றாள். வாரியத்தின் சோதனை என்றேன்.

ரமலான் 20, புதன்

தபால் படகில் வாரியத்தின் அதிகாரி தாமோதரன் வந்தார். இளைஞரல்லர். மூக்குக்கண்ணாடியைக் கழற்றித் துடைத்தபடியே பேசுபவர். பெருநிலத்தில் இன்று புதன், தீவில் செவ்வாய். இந்தக் குழப்பத்தைத் தீர்க்கவே வந்திருக்கிறார்.

“பெரியவரே, விஷயம் ரொம்ப சின்னது. எப்பவோ ஒரு நாள் கொடிய மாத்த மறந்திருக்கீங்க. ஒரு நாள் பிந்திப்போச்சு. அது தெரிஞ்சதும் சனிக்கு மறுநாள் திங்கள ஏத்திச் சரிக்கட்டிட்டீங்க. வயசானா சகஜம்.”

“ஞாயிறு கொடியை நான் ஏற்றினேன். வாரியம் சொல்லிக் கல்லை உயர்த்தினேன்.”

“ஞாயித்துக்கிழமை எங்க ஆபீஸே பூட்டியிருக்கும். யாரு உத்தரவு போடுவா? பதிவுல அப்படி எதுவும் இல்ல.” ஒரு தாளை நீட்டினார். “இதுல கையெழுத்துப் போட்டுடுங்க. கௌரவமா ஓய்வுல போகலாம். யாரும் ஒரு வார்த்தை கேக்கமாட்டாங்க.”

தாளைப் படித்தேன். நான் மறதியால் ஒரு நாளைப் பிந்தவிட்டதாகவும், ஐந்தாம் கல்லின் எல்லைக்குள் எந்த நாளும் தொலையவில்லை என்றும் எழுதியிருந்தது. எந்த நாளும் தொலையவில்லை என்றால் எந்த வள்ளமும் தொலையவில்லை.

“என் நாள்களை நானே எழுதியிருக்கிறேன். நீங்கள் எழுதித் தரும் நாளில் நான் வாழ்ந்ததில்லை” என்று தாளைத் திருப்பிக் கொடுத்தேன்.

“அப்ப நான் வேற மாதிரி எழுத வேண்டியிருக்கும்.”

“எழுதுங்கள். நல்ல தமிழில் எழுதுங்கள். இதில் மூன்று ஒற்றுப்பிழை இருக்கிறது.”

ரமலான் 22, வெள்ளி

ஜும்ஆத் தொழுகைக்குத் தீவுக்குப் போனேன். பள்ளிவாசல் ஹவுள் தொட்டி நீரில் கால் கழுவிக்கொண்டிருந்தபோது பின்னாலிருந்து ஒரு குரல், “நம்ம நோம்பத் தின்னவரு வாராரு” என்றது. திரும்பிப் பார்க்கவில்லை.

அதிகாரியின் விளக்கம் தீவுக்கு வந்துசேர்ந்து, ஊரும் ஒரு நாளைத் தாண்டி இன்று வெள்ளி என்று ஒத்துக்கொண்டுவிட்டது. கொடி ஒரு நாள் பிந்தியதால் தீவு ரமலானையே ஒரு நாள் பிந்தித் தொடங்கியது, அனைவர்க்கும் ஒரு நோன்பு கடன், காரணம் நூகு லெப்பை. பள்ளிவாசலில் பிரசங்கம் செய்யும் கத்தீபு சதக்குத்தம்பி ஆலிம் என்னைவிட இரண்டு வயது இளையவர். ஓதும் பள்ளியில் ஒரே பாயில் அமர்ந்தவர்கள் நாங்கள். அன்றிலிருந்து அண்ணன் முறைக்கு என்னைக் காக்கா என்றே அழைப்பார். தொழுகைக்குப் பின் இந்தக் குறிப்பேட்டை அவர்முன் விரித்து, நடந்ததைச் சபையார் கேட்கச் சொன்னேன்.

“காக்கா, பாத்ததும் நீங்க, எழுதினதும் நீங்க, வாசிக்கிறதும் நீங்க” என்றார். “பிறைக்கே ரெண்டு சாட்சி கேக்கிற ஊரு இது. ஒரு முழுப் பகலுக்கு ஒத்தச் சாட்சிய வச்சு நான் என்ன சொல்ல?”

“அந்தப் பகலுக்குள் இரண்டு உயிர் இருக்கிறது.”

“இருக்கலாம். இல்லன்னு நான் சொல்லல.” பதினேழாம் நாளின் பக்கத்தை மறுபடியும் படித்தார். அவர் விரல் ஓரிடத்தில் நின்றது. “‘பிறகு இறக்கினேன்’னு எழுதியிருக்கீங்களே. எப்ப?”

“நேரத்துக்கு” என்றேன்.

படகில் திரும்பும்போது காற்று எதிர்முகமாக இருந்தது.

ரமலான் 24, ஞாயிறு

வெண்பா வரவில்லை. பதினேழாம் இடம் வெற்றாக இருக்கையில் மற்றவை வரிசையில் நிற்க மறுக்கின்றன.

ரமலான் 26, செவ்வாய்

அமலோற்பவம் வந்தாள். கறுப்புச் சேலை கட்டிக்கொள்ளச் சொல்கிறார்களாம். சிலர் அதுகூட வேண்டாம், ஓடிப்போனவனுக்கு என்ன துக்கம் என்கிறார்களாம்.

“மாமா, நீரு ஒருத்தருதான் அந்த நாளப் பாத்தவரு. எனக்கு எல்லாத்தையும் சொல்லும். பன்னெண்டு மணிக்குக் கல்ல ஏத்தினீரு. அப்புறம்?”

ஆலிமிடம் சொன்னதை அவளிடம் சொல்ல வாய் எழவில்லை. பள்ளிவாசலில் வந்த பொய் கடல் நடுவே வரவில்லை.

“ஒரு மணிக்கு இறக்கச் சொன்னாங்க. நாலரைக்கு இறக்கினேன்.”

“ஏன்?”

“கல்லு ஒசந்ததும் தாகம் தெரியல, அமலோற்பவம். பகல் மேல படாம போச்சு. வெயிலும் இல்ல, பசியும் இல்ல. ஒரு மணியடிச்சது. இன்னும் கொஞ்ச நேரம்னு இருந்தேன். அப்படியே அஸர் தொழுகை நேரம் வந்துட்டு.”

அவள் அழவில்லை. சக்கரத்தைப் பார்த்தாள், என்னைப் பார்த்தாள்.

“உமக்குத் தாகம் தெரியல. அவரு ஒரு கலயம் தண்ணியோட போனவரு. ஒம்பது நாளாச்சு.”

“அவருக்கு ஒன்பது நாள் ஆகல. அவருக்கு இன்னும் அதே ஞாயித்துக்கிழமைதான்.”

“அப்ப அந்த ஞாயித்துக்கெழமைய வெளிய எடும்.”

வழி உண்டு. எனக்கு முன் இங்குக் காவல் இருந்தவர் சொல்லிவிட்டுப் போனது. அவரும் செய்து பார்த்ததில்லை. கல்லை அறுபதாம் பாகம்வரை, பிளவின் அடித்தரையில் தொடும்படி இறக்கினால், கிழிந்த பகல் மேலே வரும். ஆனால் எல்லா நாளிலும் வராது. ஒரு மாதம் இன்னொரு மாதத்தோடு தைக்கப்படும் இடத்தில் மட்டுமே, இடையில் ஒரு பகலைச் செருக இடமிருக்கும். அந்தத் தையல் கடந்துவிட்டால் மாதம் மூடிக்கொள்ளும், பகலும் அதற்குள் மூடிக்கொள்ளும். கல் தரையில் மாலைவரை நிற்க வேண்டும். ஒரு நாழிகை முன்னதாக உயர்ந்தாலும் வந்த பகல் மறுபடியும் கிழியும்.

தையல் விழும் நாள், பெருநாள். சங்கிலியை அறுக்க வாரியம் குறித்த நாளும் அதுவே.

“அறுக்க வருவாவளா? வரட்டும்” என்றாள் அமலோற்பவம். “சக்கரம் ஒரு ஆளால சுத்துமா?”

“நாற்பதுக்குக் கீழே பொழுது தடிக்கும். சக்கரம் மறிக்கும். இரண்டு ஆள் வேண்டும்.”

“நான் வெள்ளிக்கெழம மத்தியானம் வந்திருதேன்.” தோணியில் இறங்கியபின் நிமிர்ந்து பார்த்தாள். “உம்ம நான் மன்னிச்சிட்டேன்னு நெனச்சிராதியும் மாமா. அது அவரு வந்தப்புறம்.”

அவள் போனபின் பதினேழாம் இடம் நிரம்பியது. நாலடிக்கு அங்கே பொருள் இல்லை. ஈரடி போதும்.

கல்லை உயர விடுத்தேன் கடல்மிசை
எல்லை இழந்த பகல்.

ரமலான் 28, வியாழன்

வாரியத்துக்கு எழுதிய கடிதத்தின் படி:

“ஐயா, நடந்த தவற்றில் பெரும்பகுதி என்னுடையது. உத்தரவு உங்களுடையது, மூன்றரை மணி நேரம் என்னுடையது. உங்கள் பதிவேட்டில் உத்தரவு இல்லை என்பதால் என் குற்றமும் இல்லாமல் போய்விடும் என்று நீங்கள் எனக்குக் காட்டும் சலுகையை நான் ஏற்கவில்லை. குற்றம் என்னுடையதாகையால் அதைத் திருத்தும் உரிமையும் என்னுடையது. பெருநாளன்று மாலைவரை சங்கிலியைத் தொட எவருக்கும் இசைவளிக்க மாட்டேன். மாலைக்குப் பின் என்னை நீங்கள் விரும்பும் இடத்துக்கு அழைத்துச் செல்லலாம். இங்ஙனம், ஐந்தாம் கல்லின் காவலன்.”

தபால் படகு வாங்கிக்கொண்டு போயிற்று. சக்கரத்தின் அச்சுக்கு எண்ணெய் இட்டேன். துருவைச் சுரண்டினேன். இடக்கை மணிக்கட்டு வீங்கியிருக்கிறது.

ரமலான் 29, வெள்ளி

மேற்கே பிறை தெரிந்தது. நகக்கீற்றை விடவும் மெலிதாக, ஐயத்துக்கு இடமின்றி. தீவில் வெடி போட்டார்கள். இருபத்தெட்டே நோன்பு நோற்ற ஊர், ஒன்றைக் கடனாக வைத்துக்கொண்டு பெருநாளுக்கு ஆயத்தமாகிறது.

அமலோற்பவம் சொன்னபடி வந்தாள். அந்தி மயங்கியதும் மக்ரிபு தொழுதுவிட்டுச் சக்கரத்தில் கைவைத்தோம். நாற்பத்தைந்துவரை நான் அறிந்த கனம். ஐம்பதில் சக்கரம் நின்றுவிட்டது. அவள் தன் இறைவனின் தாயை அழைத்தாள். நான் என் இறைவனை அழைத்தேன். ஐம்பத்தெட்டுக்கு மேல் இருவரும் எவரையும் அழைக்கவில்லை. மூச்சு அதற்கே போதவில்லை. அறுபதில் கல் தரையைத் தொட்டபோது மேடை ஒரு முறை ஆழ்ந்து அதிர்ந்தது. பூட்டை மாட்டினேன்.

ஒன்றை எழுதாமல் விட மாட்டேன். பெருநாளில் நோன்பிருப்பது எங்களுக்கு விலக்கப்பட்டது. நாளை விடிகையில் அந்த ஞாயிற்றுக்கிழமை மேலே வராமற்போனால், உலகமெல்லாம் உண்டு மகிழும் நாளில் நான் ஒருவன் நோன்பிருந்து பாவியாவேன். வந்துவிட்டால், நோன்பில்லாதவன் பாவியாவான். விடியுமுன் நோன்பு நோற்பதாக மனத்தில் உறுதிகொண்டு நிய்யத்து வைக்க வேண்டும், விடிந்த பின்னரே எது சரி என்று தெரியும். சதக்குத்தம்பியைக் கேட்டால் ஊரோடு ஒத்துப்போங்கள் காக்கா என்பார். அவர் சொல்வது நூல்களின்படி சரியே.

நான் நோன்பு வைக்கிறேன்.

ரமலான் 17, ஞாயிறு

மேலே இட்ட தேதி பிழையன்று.

விடியற்காலைச் சுபுஹு தொழுது சலாம் கொடுத்து நிமிர்ந்தேன். மேற்கில், நேற்று மாலை பிறை மறைந்த அதே இடத்துக்கு மேலே, விளிம்பு சற்றே தேய்ந்த பெருநிலா நின்றிருந்தது. பதினேழாம் நாளின் நிலா. அமலோற்பவம் அதைப் பார்த்துச் சிலுவைக் குறி இட்டுக்கொண்டாள்.

தீவிலிருந்து பெருநாள் தக்பீர் முழக்கம் காற்றில் வந்தது. ஊர் திரண்டு திடலுக்கு நடந்துகொண்டிருந்தது. மேற்கே திரும்பும் வளைவில் அவர்கள் கடலைப் பார்ப்பார்கள் என்று எனக்குத் தெரியும். ஒரு தக்பீர் பாதியில் நின்றது. அதன்பின் நெடுநேரம் ஒன்றும் கேட்கவில்லை.

ஏழரை மணிக்கு வாரியத்தின் விசைப்படகு வந்தது. தாமோதரனும் நான்கு ஆட்களும், இரும்பு அறுக்கும் கருவியும். அமலோற்பவம் சக்கரத்தின்மேல் ஏறி உட்கார்ந்தாள்.

“எழுந்திரிங்கம்மா. அரசாங்க வேலை.”

“எந்திரிக்க மாட்டேன். சங்கிலிய அறுக்கணும்னா மொதல்ல என்ன அறும்.”

“பெரியவரே, நீங்க படிச்சவர். இவங்களுக்கு எடுத்துச் சொல்லுங்க.”

“நான் உங்களுக்குத்தான் எடுத்துச் சொல்ல வேண்டியிருக்கிறது. இன்று என்ன நாள்?”

“சனி. பெருநாள்.”

“நேற்று மாலை உங்கள் ஊரில் என்ன பார்த்தீர்கள்?”

“பிறை.”

“சற்று மேற்கே திரும்புங்கள்.”

அவர் திரும்பினார். மூக்குக்கண்ணாடியைக் கழற்றினார், துடைத்தார், மறுபடியும் மாட்டினார். நிலா அப்போது வெளிறி நீரோடு இறங்கிக்கொண்டிருந்தது. அவருடைய ஆட்களில் ஒருவன் அறுக்கும் கருவியை மெல்லக் கீழே வைத்தான். அதை எடு என்று அவர் சொல்லவில்லை. எல்லைக்குள் நுழைந்ததிலிருந்து கடிகாரம் எட்டு முறை நின்றுவிட்டது என்று மட்டும் முணுமுணுத்தார்.

ஒன்பது மணிக்குச் சதக்குத்தம்பி ஆலிம் தோணியில் வந்தார். புத்தாடை, அத்தர் மணம். மேடைக்கு ஏறி வந்தார்.

“காக்கா, நான் ரெண்டு துண்டு வட்டிலாப்பம் தின்னுட்டேன்.”

“இன்று ரமலான் பதினேழு, ஆலிமே.”

“தெரியுது. ஊருக்கே தெரியுது. எல்லாரும் தின்னுட்டாங்க. எண்ணூறு பேரு இனிப்பு வாயோட மைதானத்துல நிக்கிறாங்க, நான் என்ன சொல்ல?”

“இனி மாலைவரை வாயை மூடிக்கொள்ளச் சொல்லுங்கள். கடன் தீர்க்க வேறொரு நாள் நோற்கட்டும். பெருநாள் நாளை.”

தலையசைத்தார். புறப்படத் திரும்பியவரை நிறுத்தினேன். அதிகாரியும் ஆட்களும் கேட்கச் சொன்னேன்.

“நேரத்துக்கு இறக்கினேன் என்று பள்ளிவாசலில் சொன்னது பொய். நாலரைக்கு இறக்கினேன். தாகத்துக்கு அஞ்சி. ஊருக்கு இதையும் சேர்த்துச் சொல்லுங்கள்.”

“அன்னைக்கே எனக்குத் தெரியும்” என்றார் ஆலிம். “நீங்க ஒரு சொல்லுல பதில் சொல்ற ஆளா, காக்கா?”

பத்துக்கு மேல் கிழக்குக் கடலைப் பார்ப்பதை நான் விட்டுவிட்டேன். அமலோற்பவம் விடவில்லை. நண்பகல் வந்தது. ஒரு மணியும் வந்தது. தடித்த பொழுதில் ஒரு மணி நேரம் என்பது தோளில் ஏற்றிய மூட்டை. இறக்கிவைக்க இடம் தேடித் தேடி நடப்பது போலிருந்தது. தாகம் தொண்டையைக் கடந்து காதுக்குள் ஏறி நின்றது.

இரண்டு மணிக்கு அவள் சக்கரத்திலிருந்து இறங்கினாள். மேடையின் ஓரத்துக்குப் போய் நின்றாள். கிழக்கே ஒரு பாய் தெரிந்தது. அது வளர்ந்து வள்ளமாகி, வள்ளத்தில் இரண்டு ஆள்களாகும்வரை அவள் அசையவில்லை.

“என்ன மாமா, மேடையில கூட்டம்?” என்றார் பங்கிராஸ். வலை முழுதும் அவர் காலடியில் குவிந்துகிடந்தது. “ஏ, அமலோற்பவம். நீ எப்படி இங்க வந்த?”

“பூசைக்குப் போகாம எங்க போனீரு?” என்றாள் அவள். குரல் மட்டுமே உடைந்தது.

“கோவிச்சுக்காத. நீரோட்டம் திரும்பிட்டு. போன ஒடனே வந்திருதேன்னுதான் போனேன். பூச முடிஞ்சிட்டா?”

“முடிஞ்சிட்டு” என்றாள். “ரெண்டு ஞாயித்துக்கெழமப் பூச முடிஞ்சிட்டு.”

அவர் அதை ஏச்சு என்று எடுத்துக்கொண்டு தம்பியைப் பார்த்துக் கண்ணைச் சிமிட்டினார். அவள் மேடையிலிருந்து அவர் வள்ளத்தில் இறங்கி, அவர் தலையையும் தோளையும் முதுகையும் வெயிலில் காய்ந்த துணியைத் தடவிப் பார்ப்பதுபோலத் தடவிப் பார்த்தாள். என்னிடம் எதுவும் கூறவில்லை. நானும் எதிர்பார்க்கவில்லை. வள்ளம் தீவை நோக்கிப் போயிற்று. கரையேறினாலும் அவர்கள் இன்னும் இந்தப் பகலுக்கே உரியவர்கள். அது மறுபடியும் கிழிந்து அவர்களை விழுங்கிவிடாமலிருக்க, கல் மாலைவரை தரையில் நிற்க வேண்டும்.

தாமோதரன் என் அருகில் வந்து உட்கார்ந்தார். களைத்திருந்தார். அவருடைய ஆட்கள் நிழலில் படுத்துவிட்டார்கள்.

“வள்ளந்தான் வந்துடுச்சே, பெரியவரே. இனிமே என்ன? கல்லக் கொஞ்சம் ஏத்துங்க. எங்களுக்கே இந்தப் பகலத் தாங்க முடியல. நீங்க பச்சத்தண்ணி கூடக் குடிக்காம உக்காந்திருக்கீங்க. அஞ்சு பாகம் ஏத்தினா எல்லாருக்கும் நிம்மதி. யாரு பாக்கப்போறா? நான் எழுதிக்கக்கூட மாட்டேன்.”

“நான் எழுதிக்கொள்வேன்” என்றேன்.

அவர் எழுந்தார். என் பணிநீக்க உத்தரவை மடித்து என்னருகே வைத்து, காற்றில் பறக்காதபடி அதன்மேல் ஓர் இரும்புத் துண்டை வைத்தார். மாலை வந்ததும் கையெழுத்திட்டுத் தருகிறேன் என்றேன்.

இப்போது மணி மூன்றரை. எழுத்து கோணுகிறது. நாக்கு வாய்க்குள் வேறொருவருடையதைப் போலக் கிடக்கிறது. சக்கரத்தின் பிடி என் கைக்கெட்டும் தூரத்தில் இருக்கிறது. நிழல் மேடையின் பாதியைக்கூடக் கடக்கவில்லை. மக்ரிபுக்கு இன்னும் மூன்று மணி நேரம் இருக்கிறது, தடித்த மூன்று மணி நேரம். அதில் ஒரு நொடியையும் எவருக்கும் விட்டுக்கொடுப்பதாக இல்லை.